மணல்முனை ரயில் கம்பெனியின் பனிக்காலம்

தாது வருஷப் பஞ்சம் இன்னும் ஓயாமல், செத்தவர்கள் போக மிச்சமிருந்தவர்கள் அடுத்த வேளைக் கஞ்சி எந்தத் திசையிலிருந்து வரும் என்று தலையைத் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்த காலத்தில், மணல்முனைத் துறைமுகத்திலிருந்து ஊரணிக்கோட்டை வரைக்கும் ரயில் விடப்போவதாகச் சொல்லிக்கொண்டு ஒரு கம்பெனி வந்தது. உப்பையும் பஞ்சையும் மிளகாய் வத்தலையும் கப்பலுக்குக் கொண்டுபோகவும், கப்பலில் போகிற கூலி ஜனங்களைக் கரைக்குக் கொண்டுபோகவும் அந்தத் தடம் என்று சொன்னார்கள். கம்பெனி கூலிக்குப் பதிலாகக் கஞ்சி ஊற்றியது. கஞ்சிக்காக ஜனங்கள் கூடை கூடையாக மண் சுமந்து, பனங்காட்டையும் உடைமரக் காட்டையும் கிழித்துக்கொண்டு, கடலிலிருந்து கோட்டை வரைக்கும் ஒரே நேராகக் கரை போட்டார்கள். சுமக்கும்போதே விழுந்தவர்கள் விழுந்த இடத்திலேயே மண்ணுக்குள் போனார்கள். கரை முடிந்து தண்டவாளமும் போட்டு முடித்தபோது எஞ்சின் வாங்கக் கம்பெனியிடம் ஒன்றும் மிச்சமில்லை.

அதனால்தான் கம்பெனி ஏஜென்டு மில்லிகன் துரை அமெரிக்காவிலிருந்து பழைய எஞ்சின் ஒன்றை வரவழைத்தார். அங்கே பனி பெய்கிற ஏதோ ஒரு மலைநாட்டில், மரமும் நிலக்கரியும் ஏற்றிக்கொண்டு ஒரு சின்ன ரயில் கம்பெனி வெகுகாலம் ஓடியிருக்கிறது; அந்தத் தேசத்தில் முதன்முதலாக வந்த கம்பெனிகளில் ஒன்று என்று பேர். பக்கத்திலேயே பெரிய கம்பெனி வந்து அதை விழுங்கிவிட, எஞ்சினைக் கேட்பாரில்லாமல் கொட்டகையில் போட்டிருந்தார்கள். அது கப்பலேறி, இரண்டு சமுத்திரம் தாண்டி, மணல்முனையில் வந்து இறங்கியது. மேலே குடம் கவிழ்த்தது போல அகன்ற புகைபோக்கி, முன்னால் மாடு விலக்குவதற்கு ஒரு இரும்புத் தட்டி, ஊதலுக்குப் பதிலாக ஒரு வெண்கல மணி. மணியைப் பார்த்த ஜனங்கள் அதற்கு மணிக்காரி என்று பேர் வைத்தார்கள்.

டிரைவர் வேலைக்கு மணல்முனைக்காரர் சவரிராயன் வந்தார். கடற்கரைப் பரதவர், கொழும்புக் கப்பலில் கொதிகலனுக்குக் கரி தள்ளித் தொழில் பழகியவர். சித்திரை மாதத்து உச்சி வெயிலில், மாலை போட்டு, கற்பூரம் காட்டி, உடை விறகை அடுப்பில் தள்ளி அவர் மணிக்காரியை நகர்த்தினார். அது துறைமுகத்தை விட்டு உப்பளத்தைத் தாண்டியதும் தடத்தின் இருபுறமும் பனி விழ ஆரம்பித்தது.

சத்தமில்லாமல், அவசரமில்லாமல், ஒரு ஆள் கையை நீட்டினால் எட்டுகிற தூரத்துக்கு மட்டும் விழுந்தது. அதற்கு அந்தப் பக்கம் வெயில் பொரிந்துகொண்டிருந்தது. களத்தில் நின்றவர்கள் பஞ்சுப் பொதி பிரிந்துவிட்டது என்று ஓடி வந்தார்கள். உப்பளத்துக்காரர்கள் நாக்கில் வைத்துப் பார்த்து, கரிக்கவில்லை என்றார்கள். சுண்ணாம்பு என்றார்கள், சாம்பல் என்றார்கள், கடைசியில் ஒரு கிழவி மடியில் அள்ளிக்கொண்டு போய் அம்மன் காலடியில் போட்டாள். அதிலிருந்து அதன் பேர் கம்பெனிப் பூ ஆயிற்று. மில்லிகன் துரை மட்டும் தொப்பியைக் கழற்றிவிட்டு அதில் கொஞ்ச நேரம் நனைந்துகொண்டு நின்றார். பிறகு மூக்கைச் சிந்திவிட்டு, தண்டவாளத்தைக் கூட்டிச் சுத்தமாக வைக்கும்படி உத்தரவு போட்டார்.

மணிக்காரி தினமும் ஒரு தடவை போய் வந்தால் பூ கரையாமல் கிடக்கும். ஒருநாள் வராவிட்டால் அன்றைய வெயிலுக்குள் எல்லாம் தண்ணீராகி ஓடிவிடும். கொதிகலனில் குழாய் வெடித்து எஞ்சின் படுத்துக்கொண்டபோது இது எல்லோருக்கும் தெரிந்துபோயிற்று. தெரிந்த பிறகு அதைப் பற்றிப் பேச ஒன்றுமில்லை. மீன் வியாபாரம் செய்த மரைக்காயர்கள் சீலா மீனையும் பாறை மீனையும் பூவுக்குள் புதைத்துக் கூடை கூடையாக அனுப்பினார்கள். கடலையே பார்க்காத ஊரணிக்கோட்டை ஜனங்கள் நாறாத மீனை அப்போதுதான் முதல்முறையாகத் தின்றார்கள். வைத்தியர்கள் காய்ச்சல்காரர் நெற்றியில் வைக்க அள்ளிப்போனார்கள். கல்யாண வீட்டில் பானகத்தில் போட்டார்கள். தடத்தை ஒட்டிப் பருத்தி போட்டிருந்த சம்சாரிகளின் இரண்டு சால் செடி கருகிப்போக, அவர்கள் கம்பெனி மேல் பிராது கொடுத்தார்கள். மேலேயிருந்து விழுவதற்குக் கம்பெனி பொறுப்பில்லை என்று தீர்ப்பாயிற்று. அப்படியானால் அள்ளுவதற்கும் கம்பெனியைக் கேட்க வேண்டியதில்லை என்று ஜனங்கள் தீர்மானித்துக்கொண்டார்கள்.

நடுவில் சாத்தங்குண்டு என்று ஒரு ஊர். அங்கே தடம் ஒரு மேட்டை வெட்டிக்கொண்டு போகும். அந்த வெட்டுப்பள்ளத்தில் பூ இடுப்பளவு குவியும். அதைக் கூட்டித் தள்ளுகிற வேலைக்குக் கம்பெனி உள்ளூர் ஆட்களை வைத்திருந்தது. அவர்களில் ஒருவன் பூவலிங்கம். பனை மட்டையில் அகன்ற துடைப்பம் செய்து, கையை இப்படி அப்படி வீசி, தண்டவாளம் கண்ணாடியாகத் தெரியும்படி கூட்டுவான். அவன் பெண்சாதி அரியாயி மீன் கூடைக்குப் பூ அள்ளிக் கொடுப்பாள். கல்யாணமாகி நெடுநாள் பிள்ளையில்லாமல் இருந்து, அரியாயி முழுகாமல் இருக்கிறாள் என்று தெரிந்த அந்த வருஷமே கம்பெனி கூட்டுகிற ஆட்களைப் பாதியாகக் குறைத்தது. மழையும் இல்லை. கங்காணி வந்தான். பூவலிங்கம் கண்டித் தோட்டத்துக்குப் போவதென்று ஆயிற்று.

மணிக்காரியில்தான் போனான். அரியாயி மேடேறி நின்ற வயிற்றோடு வெட்டுப்பள்ளத்துக்கு வந்து நின்றாள்.

"பொறந்ததும் யார்கிட்டயாச்சும் சொல்லிவிடு. ஆணா பொண்ணாங்கிறது கிடக்கட்டும். மூஞ்சி யாரு சாயல்னு சொல்லிவிடு."

"அதெல்லாம் சொல்லிவிட மாட்டேன். வந்து பாத்துக்கங்க."

"சொன்னா என்னடி?"

"சொன்னா அதை வச்சுக்கிட்டே அங்கன காலத்தை ஓட்டிருவீக."

அவன் சிரித்தான். மணி அடித்தது. பூ விழுந்து இரண்டு பேர் தலையும் வெள்ளையாயிற்று.

பிறந்தது பெண். பஞ்சவர்ணம் என்று பேர் வைத்தாள். தோட்டத்திலிருந்து திரும்புகிறவர்கள் எல்லோரும் சாத்தங்குண்டில் இறங்கி, பூவலிங்கம் கேட்டான் என்று அதே கேள்வியைக் கேட்டார்கள். அரியாயி எல்லோரிடமும் அதே பதிலைச் சொல்லி அனுப்பினாள். அந்த வருஷம் வருவான் என்றார்கள், வரவில்லை. அடுத்த வருஷம் என்றார்கள், கடன் கணக்குத் தீரவில்லை என்று தோட்டத்தில் விடவில்லையாம். பஞ்சவர்ணம் நடந்தாள், ஓடினாள், வெறுங்காலோடு பூவுக்குள் இறங்கி உள்ளங்கையில் அள்ளித் தின்றாள். உங்கப்பா எங்கே என்று கேட்டால் ரயிலில் என்று சொல்லிக்கொடுத்திருந்தார்கள். அவள் அதைத் தன் போக்கில் புரிந்துகொண்டு மணிக்காரியையே அப்பா என்று கூப்பிட்டாள். தூரத்தில் மணிச் சத்தம் கேட்டதும், "அப்பா வருது, அப்பா வருது" என்று சரிவில் உருண்டு வருவாள். சவரிராயன் அவளுக்காக அங்கே வேகத்தைக் குறைத்து இரண்டு தடவை கூடுதலாக மணி அடிப்பார்.

ஆடி மாதத்தில் அவளுக்குக் காய்ச்சல் கண்டது. அரியாயி கூடை கூடையாகப் பூவைக் கொண்டுவந்து நெற்றியிலும் வயிற்றிலும் வைத்தாள். வைக்க வைக்க ஆவியாகப் போயிற்று. வைத்தியர் வந்தார், பார்த்தார், வெளியே போய் உட்கார்ந்துகொண்டார். வெயில் உச்சிக்கு வந்தபோது மணிக்காரியின் சத்தம் கேட்டது. பிள்ளை கண்ணைத் திறக்கவில்லை.

அழ வந்த பெண்கள் வாசலில் நிற்கும்போதே அரியாயி பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு இறங்கினாள். யார் கூப்பிட்டும் திரும்பவில்லை. வெட்டுப்பள்ளத்தில், வெயில் படாத பக்கமாக, கையாலேயே பூவைத் தோண்டி, பழைய சேலை ஒன்றை விரித்து, அதில் பிள்ளையைக் கிடத்தி, முகத்தை மட்டும் மூடாமல் சுற்றிலும் பூவை அணைத்து வைத்தாள். பிறகு பக்கத்தில் உட்கார்ந்தாள்.

அன்று மாலை ஊர் கூடியது. பிணத்தை மண்ணில் வைக்காதவரை தீட்டுப் போகாது. தீட்டுப் போகாமல் அம்மனுக்குக் காப்புக் கட்ட முடியாது. காப்புக் கட்டாமல் ஊரில் விதைக்க முடியாது. பூசாரி வீரபுத்திரன் அரியாயிக்கு மாமன் முறை. அவரை முன்னால் விட்டுவிட்டு மற்றவர்கள் பின்னால் நின்றார்கள்.

"அரியாயி, போதும் ஆத்தா. கொண்டா, மண்ணுல வச்சிருவோம்."

"வச்சிட்டா அவுக வந்து எதைப் பாப்பாக மாமா?"

"வைக்காம எப்படி?"

"அவுக கேட்டது ஒண்ணே ஒண்ணு. யாரு சாயல்னு கேட்டாக. நான் வாயடிச்சேன், வந்து பாருங்கன்னேன். இப்ப வந்தா மண்மேட்டைக் காட்டி, இதுதான் சாயல்னு சொல்லவா?"

யாரோ ஒருவர், "உலகத்துல இல்லாத வழக்கமா இருக்கே" என்றார்.

பூசாரி சரிவில் இறங்கினார். பிள்ளையின் முகத்தைப் பார்த்தார். ஒரு கை பூவை அள்ளி விரலுக்கு நடுவே தேய்த்துப் பார்த்தார். வெகுநேரம் அங்கேயே குந்தியிருந்துவிட்டு மேலே வந்தபோது அவர் குரல் கோயிலில் குறி சொல்கிற குரலாக இருந்தது.

"இந்தப் பூ நம்ம மேகத்துல இருந்து விழல. நம்ம மண்ணுல முளைக்கல. கம்பெனிக்காரன் எந்தச் சீமையில இருந்தோ கொண்டாந்தது. அதுக்குள்ள கிடக்கிற புள்ள நம்ம எல்லைக்குள்ள இல்ல. அது பயணத்துல இருக்கு. பயணத்துல இருக்கிறவுகளுக்கு ஊரு எப்படித் தீட்டுக் காக்கும்? அப்பன் வரட்டும். வந்து எறக்கி வைக்கட்டும். அன்னைக்குத் தீட்டு. இன்னைக்கு ஒண்ணுமில்ல, போய் அடுப்பைப் பத்த வைங்க."

ஜனங்களுக்கு இது நிம்மதியாக இருந்தது. அன்றே கண்டிக்கு ஆள் சொல்லிவிட்டார்கள். என்ன சொல்லட்டும் என்று போகிறவன் கேட்டபோது அரியாயி, "புள்ள உங்களுக்காகக் காத்துக்கிடக்குன்னு சொல்லு. வேற ஒண்ணும் சொல்லாத" என்றாள்.

அதற்குப் பிறகு அதுவும் ஊரின் காரியங்களில் ஒன்றாயிற்று. பெண்கள் தண்ணீருக்குப் போகிற வழியில் இறங்கி, விழுந்த புதுப் பூவை முகத்திலிருந்து ஊதிவிட்டுப் போனார்கள். ஒருத்தி முடியைச் சீவிவிட்டாள். கூட்டுகிற ஆட்கள் அந்த இடத்தில் துடைப்பம் போடாமல் கையால் தள்ளினார்கள். அம்மன் ஊர்வலம் வெட்டுப்பள்ளத்தின் மேலாகப் போகும்போது கொட்டுமேளத்தை நிறுத்திக்கொண்டது. சவரிராயன் அங்கே வந்ததும் மணியின் நாக்கைக் கையால் பிடித்துக்கொள்வார்; மணிக்காரி அந்தப் பள்ளத்தை மூச்சு மட்டும் விட்டுக்கொண்டு தாண்டும். வேறு வீடுகளிலும் சாவு விழுந்தது, வேறு வீட்டு ஆண்களும் தூரதேசத்தில்தான் இருந்தார்கள், ஆனால் வேறு யாரும் அப்படிச் செய்யவில்லை. தினமும் போய் அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டிருக்க யாருக்கும் மனதில் அவ்வளவு தெம்பில்லை.

புரட்டாசியில் பெரிய கம்பெனி ஒன்று வடக்கே இன்னொரு துறைமுகத்துக்குத் தடம் போட்டு முடித்தது. அகலமான தடம், வேகமான வண்டி. முதலில் பஞ்சு அந்தப் பக்கம் போயிற்று, பிறகு வத்தல், பிறகு உப்பு. கங்காணிகளும் கூலி ஜனங்களை அந்தப் பக்கமாக ஓட்டிக்கொண்டு போனார்கள். மணல்முனைக் கம்பெனியின் பெட்டிகள் காலியாகப் போய்க் காலியாக வந்தன. சாத்தங்குண்டு ஸ்டேஷன் மாஸ்டர் ஆராவமுதம் பிளாட்பாரத்துக்கு வந்து, யாரையும் பார்க்காமல், உடைமரத்தைப் பார்த்துச் சொன்னார்: "ஏறுவதற்கு ஆளில்லை என்றால் வண்டியை நிறுத்தச் சொல்லி மதராஸிலிருந்து தாக்கீது வந்திருக்கிறது."

ஊர் கூடவில்லை. யாரும் யாரிடமும் யோசனை கேட்கவில்லை. மறுநாள் ரயிலுக்கு ஆள் வந்தது.

வாசலிலேயே விற்கிற கொத்தமல்லியை வாங்க ஒருத்தி ஊரணிக்கோட்டை வரைக்கும் போய்வந்தாள். நாவிதர் பெட்டியோடு ஏறிக்கொண்டார். சிரைத்துக்கொள்ள வேண்டியவர்கள் அவரைத் தேடி ரயிலுக்கு வந்தார்கள். ஒருவன் இங்கே இல்லாத புல் அங்கே இருப்பதாகச் சொல்லி ஆடுகளை ஏற்றினான். பெண் பார்க்க வந்தவர்களை வீட்டுக்கு வரவேண்டாம், வண்டியிலேயே பார்த்துக்கொள்ளலாம் என்றார்கள். பெண் ஜன்னலோரம் தலை குனிந்து உட்கார்ந்திருக்க, ஊரணிக்கோட்டை வருவதற்குள் நிச்சயமாகிவிட்டது. பகையாளிகள் எதிரெதிரே உட்கார்ந்து ஒரு வார்த்தை பேசாமல் போய்வந்தார்கள். பஞ்சத்தில் கரை போட்டவர்கள், ஒருநாளும் ரயிலேறாதவர்கள், தங்கள் ஆட்களைப் புதைத்த இடம் வரும்போது ஜன்னலில் கையெடுத்துக் கும்பிட்டுக்கொண்டு போனார்கள். பூசாரி அம்மனின் அரிவாளைப் பட்டில் சுற்றி எடுத்து வந்து, அம்மன் கடல் பார்க்க ஆசைப்படுகிறாள் என்றார். ஆராவமுதம் எல்லோருக்கும் டிக்கெட் கிழித்துக் கொடுத்தார். எதற்குப் போகிறீர்கள் என்று ஒருவரையும் கேட்கவில்லை. வெட்டுப்பள்ளம் வரும்போது மட்டும் பெட்டிக்குள் பேச்சு நின்றுவிடும்.

அப்படி ஐப்பசியும் கார்த்திகையும் போயின. அதற்கு மேல் ஜனங்களிடம் டிக்கெட்டுக்கு ஒன்றுமில்லை, அறுப்பும் சரியில்லை. ஒருநாள் மில்லிகன் துரை தனியாக வந்து வெட்டுப்பள்ளத்தில் இறங்கினார். அரியாயி எழுந்து நின்றாள். அவர் பிள்ளையின் பக்கத்தில் மண்டி போட்டு உட்கார்ந்து, அவர் பாஷையில் என்னவோ முணுமுணுத்தார். பிறகு ஆராவமுதத்திடம், கம்பெனி முடிந்துவிட்டது, எஞ்சினை உடைத்து இரும்பாக விற்க ஆட்கள் வருவார்கள், நான் கப்பலேறுகிறேன் என்று சொன்னார். வண்டியை நிறுத்து என்று மட்டும் அவர் யாரிடமும் சொல்லவில்லை.

சொல்லாததால் சவரிராயன் நிறுத்தவில்லை. கம்பெனி இல்லாமல் ரயில் ஓடிற்று. சம்பளமில்லை, டிக்கெட்டுமில்லை. ஆண்கள் உடைமரத்தை வெட்டித் தடத்தோரம் அடுக்கிவைத்தார்கள். பெண்கள் வரிசையாக நின்று குடம் குடமாகத் தண்ணீரைக் கை மாற்றி எஞ்சினின் வயிற்றை நிரப்பினார்கள். உங்களுக்கு எதற்கு இந்தப் பாடு என்று மணல்முனையில் யாரோ கேட்டபோது சவரிராயன், "அந்தப் புள்ள என்னைப் பாத்துத்தானேப்பா அப்பான்னு கூப்பிட்டுச்சு" என்றார்.

மாசி மாதம் ஒரு கருவாட்டுத் தோணியில் பூவலிங்கம் மணல்முனைக்கு வந்து இறங்கினான். அவனைத் தேடிப் போன சொல், அவன் தோட்டம் மாறித் தோட்டம் போனதால் மலை மலையாக அலைந்து அவனிடம் வந்து சேர்ந்திருக்கிறது. கேட்டதும் ஓடி வந்துவிட்டான். மன்னாரில் வாந்திபேதி என்று கப்பலை நிறுத்தியிருந்தார்கள். கரையோரமாக நடந்து, கருவாட்டுக்காரர்களின் காலைப் பிடித்துத் தோணியேறியிருக்கிறான். முடி நரைத்து, கன்னம் ஒட்டி, அட்டை கடித்த கால்களோடு ஸ்டேஷனுக்கு வந்து, "அண்ணே, கம்பெனியை மூடிட்டாகன்னு சொன்னாகளே, வண்டி ஓடுதா?" என்று கேட்டான்.

சவரிராயன் அவனை அடையாளம் கண்டுகொண்டார். "ஓடுது. பெட்டியில வேணாம், எங்கூட ஏறிக்க."

உப்பளம் தாண்டியதும் பூ விழ ஆரம்பித்தது. பூவலிங்கம் கையை நீட்டிப் பிடித்துப் பார்த்துச் சிரித்தான். மடியிலிருந்து ஒரு பொட்டணத்தை எடுத்துப் பிரித்தான். கொழும்பில் தைத்த சிவப்புச் சட்டை.

"குத்துமதிப்பாத்தான் தைக்கச் சொன்னேன் அண்ணே. இம்புட்டு உசரம் இருப்பாளா?" தொடைக்கு நேராகக் கையை வைத்துக் காட்டினான்.

சவரிராயன் அந்தக் கையைப் பிடித்துக் கொஞ்சம் மேலே தூக்கி வைத்தார். "இம்புட்டு."

"அடேயப்பா. அப்பச் சட்டை பத்தாதே." அவனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. "நல்லா ஓடுவாளா?"

"மணிச் சத்தம் கேட்டா நிக்க மாட்டா. உருண்டுக்கிட்டு வருவா."

"யாரு சாயல் அண்ணே? எத்தனை பேருகிட்டக் கேட்டுவிட்டேன். அவ சொல்லவே மாட்டேன்னுட்டா."

சவரிராயன் அடுப்பில் விறகைத் தள்ளினார். மறுபடியும் தள்ளினார். பிறகு ஆவியை அடைத்து, பனங்காட்டுக்கு நடுவில், ஊருமில்லாத ஸ்டேஷனுமில்லாத இடத்தில் வண்டியை நிறுத்தினார். பெட்டியில் இருந்தவர்கள் ஏன் நின்றது என்று கேட்கவில்லை. எஞ்சினில் ஏறியது யார் என்று எல்லோருக்கும் தெரிந்திருந்தது. அவர் சொன்னார். பூவலிங்கம் சட்டையை மடித்தான். மடித்ததைப் பிரித்து மறுபடியும் மடித்தான்.

"எப்ப?"

"ஆடியில."

"ஆடியிலயா? அப்ப காத்துக்கிடக்குன்னு ஏன் சொல்லிவிட்டா?"

"காத்துத்தான் கிடக்கா தம்பி."

அவன் எஞ்சினை விட்டு இறங்கி, பூவுக்குள் நாலு எட்டு நடந்தான். நின்றான். திரும்பி வந்து ஏறிக்கொண்டு, "எடுங்க" என்றான்.

வெட்டுப்பள்ளத்தில் அரியாயி பிள்ளையின் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தாள். வண்டி நின்றதும் நிமிர்ந்தாள். அவனைப் பார்த்து எழுந்து ஒதுங்கி நின்றாள். அவன் பிள்ளையின் பக்கத்தில் உட்கார்ந்து, கூட்டுகிற வேலை பார்த்த கையல்லவா, புறங்கையால் மெல்ல மெல்ல, ஒரு பொட்டு மேலே தெறிக்காமல், பூவை ஒதுக்கினான். நெற்றி, புருவம், மூக்கு, உதடு. பெட்டிகளிலிருந்து ஜனங்கள் இறங்கிச் சரிவில் நின்றார்கள்.

அவன் ரொம்ப நேரம் பார்த்தான்.

"எங்க ஆத்தா" என்றான். "பஞ்சத்துல இந்தக் கரையில செத்தாளே, எங்க ஆத்தா. அவ மூஞ்சி."

"எனக்கு உங்க மூஞ்சியாத்தான் தெரிஞ்சுச்சு" என்றாள் அரியாயி. அப்போதுதான் அவளுக்கு அழுகை வந்தது. ஆடியிலிருந்து வராத அழுகை. பெண்கள் வந்து அவளைப் பிடித்துக்கொண்டார்கள்.

அவன் சட்டையைப் பிள்ளையின் மேல் வைத்துப் பார்த்தான். தோளுக்கே பத்தவில்லை. அரியாயி அதை வாங்கி, பல்லால் முதுகுத் தையலைப் பிரித்து, முன்பக்கமாகப் போர்த்திவிட்டாள். வெயில் சாய்ந்துகொண்டிருந்தது. பூசாரி இறங்கி வந்து, "மாப்ள, பாத்தாச்சு. எறக்கி வச்சிருவோமா?" என்று கேட்டார்.

பூவலிங்கம் பிள்ளையின் கையைப் பிடித்துக்கொண்டிருந்தான். பிடித்த கை மரத்துப்போயிருந்தது.

"சில்லுன்னு இருக்கு மாமா. கல்லைத் தொட்ட மாதிரி இருக்கு. இதுவா எம் புள்ள?" பிறகு சவரிராயனைப் பார்த்தான். "அண்ணே, நாளைக்கு ஒருநாள் வண்டியை எடுக்காதீக."

சரிவில் நின்றவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். கொதிகலன் ஏற்கெனவே கசிந்துகொண்டிருந்தது. ஒரு தடவை அடுப்பு அணைந்தால் மறுபடி பற்ற வைக்கத் தாங்காது என்று சவரிராயன் அவர்களிடம் முன்பே சொல்லியிருந்தார். நின்றால் நின்றதுதான். மீனும் போகும், காய்ச்சலுக்கு வைக்கிற பூவும் போகும், கோட்டைக்குப் போக மறுபடியும் வெயிலில் நடக்க வேண்டும். சவரிராயன் அவர்களைப் பார்த்தார். கூடைக்காரிகளில் ஒருத்தி, "நிறுத்துங்க அண்ணே" என்றாள். அவர் எஞ்சினுக்குப் போய் அடுப்பைக் கிளறி, எரிகிற கட்டைகளை ஒவ்வொன்றாக இழுத்துத் தடத்தோரத்துப் பூவில் போட்டார். ஒவ்வொன்றும் சீறி அணைந்தது. மணல்முனை ரயில் கம்பெனியின் வண்டி அதற்குப் பிறகு ஓடவில்லை. இரும்புக்காரர்கள் பங்குனியில் வந்தபோது அது வெட்டுப்பள்ளத்திலேயே நின்றுகொண்டிருந்தது.

மறுநாள் காலையிலேயே தடத்தோரம் சொட்டுச் சத்தம் கேட்க ஆரம்பித்தது. உப்பளத்திலிருந்து கோட்டை வரைக்கும் பூ கரைந்து, இரண்டு பக்கமும் ஓடையாக ஓடிற்று. வறண்ட கண்மாய்களில் முழங்கால் தண்ணீர் நின்றது. வெட்டுப்பள்ளத்தில் வெயில் மேட்டைத் தாண்டி இறங்கியபோது பூவலிங்கம் பிள்ளையைத் தூக்கி மடியில் போட்டுக்கொண்டான். நனைந்த முடியை முந்தானையால் அரியாயி துவட்டினாள். சட்டையிலிருந்து தண்ணீர் வடிந்தது. ஊர் ஜனங்கள் மேட்டின் மேல் உட்கார்ந்திருந்தார்கள், யாரும் அடுப்புப் பற்ற வைக்கவில்லை. வெயில் பிள்ளையின் காலில் ஏறியது, வயிற்றில் ஏறியது, முகத்துக்கு வந்தது. அவன் அவளோடு பேசிக்கொண்டே இருந்தான். மலையைப் பற்றி, அட்டைகளைப் பற்றி, கொழுந்துக் கூடையைப் பற்றி, வரமுடியாமல் போன ஒவ்வொரு வருஷத்தைப் பற்றியும் சொன்னான்.

உச்சி வெயிலில் பேச்சை நிறுத்தினான்.

"அரியாயி, இங்க வா. முதுகுல கை வச்சுப் பாரு."

அவள் வைத்துப் பார்த்தாள்.

"சுடுதுல்ல?"

"ஆமா" என்றாள். "சுடுது."

அவன் பிள்ளையின் தலையைத் தோளில் சாய்த்து, கன்னத்தோடு கன்னம் வைத்து, கண்ணை மூடிக்கொண்டு, தூங்க வைக்கிறவர்கள் ஆடுவது போல முன்னும் பின்னும் மெல்ல ஆடினான். மேட்டில் மண்வெட்டிச் சத்தம் கேட்டது. பூசாரி இறங்கி வந்து கொஞ்சம் தள்ளி நின்று தொண்டையைக் கனைத்தார்.

அரியாயி திரும்பாமலே கையைத் தூக்கி அவரைத் தடுத்தாள்.

"இன்னுங் கொஞ்ச நேரம் மாமா. அவுக இப்பத்தான் தூக்கியிருக்காக."